பாகவதரும் உலகோர் தீர்ப்பும்

நம் நாட்டில் ஒரு கொலைவழக்குப் பேர்பெற்றுவிடின் அதற்கு இரண்டு விசாரணைகள் நடைபெறுகின்றன. ஒன்று நியாயஸ்தலத்தில் நடைபெறுவது; மற்றொன்று தெருவில் நடைபெறுவது. முன்னதற்குச் சாட்சியும் சட்டமும் மேல்முறையீடும் உண்டு. பின்னதற்கு இவற்றுள் ஒன்றும் இல்லை. இராஜபாளையத்திலிருந்தும் ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்தும் நம் கல்லூரிக்கு வரும் மாணவர் இதனை நன்கறிவர். ஸ்ரீவில்லிபுத்தூரில் மாவட்ட நியாயஸ்தலம் இருத்தலால், பேர்பெற்ற வழக்கொன்றின் தீர்ப்புநாளில் அதன் வாயிலில் கூடும் கூட்டத்தையும், நீதிபதி ஆசனத்தில் அமருமுன்னரே தேநீர்க் கடைகளில் தூக்கும் விடுதலையும் வழங்கப்படுவதையும் அவர்கள் கண்டிருப்பார்கள். இவ்விருவகை விசாரணைக்கும் ஆளாகி, முன்னதில் விடுதலை பெற்றும் பின்னதில் முற்றும் விடுதலை பெறாத ஒருவருடைய சரித்திரத்தை ஈண்டுச் சுருங்க உரைக்கப் புகுந்தோம். அவரே ஏழிசை மன்னர் எனப் புகழப்பெற்ற எம். கே. தியாகராஜ பாகவதர்.

பாகவதர் 1910-ஆம் ஆண்டில் மாயவரத்தில் பொற்கொல்லர் குடியொன்றில் பிறந்தார். தந்தையார் பெயர் கிருஷ்ணமூர்த்தி ஆசாரி. குடும்பம் பின்னர்த் திருச்சிராப்பள்ளியிற் குடியேறியது. சிறுவருக்குப் பள்ளிப்படிப்பில் நாட்டமில்லை, பாட்டிலேயே நாட்டம். ஒருகால் வீட்டைவிட்டு ஓடிப்போன பிள்ளையைத் தேடிச்சென்ற தந்தையார், கடப்பையில் ஒரு கூட்டத்தின் நடுவே அவர் பாடிக்கொண்டிருக்கக் கண்டார் என்று கூறுவர். திருச்சிராப்பள்ளி ரசிக ரஞ்சன சபையின் எப். ஜி. நடேச ஐயர் அக்குரலின் அருமையை அறிந்து, அரிச்சந்திர நாடகத்தில் லோகிதாசன் வேடத்தை அவருக்கு அளித்தார். அந்நாள் முதல் நாடகமேடை அவருக்குப் பள்ளியாயிற்று. பிடில் வித்துவான் பொன்னு ஐயங்காரிடம் முறைப்படி ஸங்கீதமும் பயின்றார்.

1934-ஆம் ஆண்டில் கே. சுப்பிரமணியம் இயக்கிய பவளக்கொடி என்ற படத்தில் அருச்சுனனாகத் தோன்றினார். 1937-இல் வெளிவந்த சிந்தாமணியும் அம்பிகாபதியும் அவர் பெயரைத் தமிழ்நாட்டின் கடைக்கோடி வரை கொண்டுசென்றன. சிந்தாமணி ஈட்டித்தந்த பொருளைக்கொண்டே மதுரையில் அப்பெயரால் ஒரு படக்கொட்டகை எழுந்தது என்பதை நம் பக்கத்து மக்கள் அறிவர். திருநீலகண்டர், அசோக்குமார், சிவகவி என ஒன்றன்பின் ஒன்றாக வந்த படங்கள் அப்புகழை மேன்மேலும் வளர்த்தன. பாபநாசம் சிவன் இயற்றிய பாட்டுகள் பலவற்றை அவர் பாட, கிராமபோன் தட்டுகள் அவற்றை ஊர்தோறும் பரப்பின. ஏட்டுப்படிப்பில்லாத உழவரும் நெசவாளரும் அவர் வாயிலாகக் கர்நாடக ராகங்களைத் தம்மையறியாமலே பழகிக்கொண்டனர். தோள்வரை தழைந்த அவருடைய முடியைப் போலவே முடிவளர்த்துக்கொள்ளுதல் இளைஞரிடையே ஒரு வழக்கமாயிற்று. அவர் தங்கத்தட்டில் உண்பவர் என்று மக்கள் பேசிக்கொண்டனர். அது உண்மையோ அன்றோ, அங்ஙனம் பேசுதலில் அவர்களுக்கு ஓர் இன்பம் இருந்தது. இதனை நாம் மனத்திற் கொள்ளல் வேண்டும். ஏனெனில், ஒருவரை வானளாவ உயர்த்துதலில் இன்பங்காணும் கூட்டம், அவர் வீழ்ச்சியைப் பேசுதலிலும் அதே இன்பத்தைக் காணும்.

1944-ஆம் ஆண்டு தீபாவளிக்கு ஹரிதாஸ் வெளிவந்தது. பெற்றோரை மறந்து தீநெறியிற் சென்ற மகனொருவன் கால்களை இழந்து மனந்திரும்புவது அதன் கதை. சென்னைப் பிராட்வே கொட்டகையில் மூன்று தீபாவளிகளைக் கண்ட படம் அது. அதனைப் படைத்தளித்தோர் மகிழ்ச்சியில் திளைத்திருந்த வேளையில்தான் அத்தீய நிகழ்ச்சி நேர்ந்தது.

அக்காலத்தில் சென்னையில் லக்ஷ்மிகாந்தன் என்பவர் ஒரு பத்திரிகை நடத்திவந்தார். போர்ஜரிக் குற்றத்திற்காகச் சிறைத்தண்டனை அனுபவித்து மீண்டவர் அவர். நடிக நடிகையரின் அந்தரங்க வாழ்க்கையைப் பற்றிய அவதூறுகளை 1943 முதல் சினிமா தூது என்ற ஏட்டில் வெளியிட்டார். ஏடு மிகுதியாக விற்றது. பாதிக்கப்பட்டோர் கவர்னர் ஸர் ஆர்தர் ஹோப் அவர்களிடம் முறையிட, அதன் அனுமதி ரத்தாயிற்று. பின்னர் அவர் இந்து நேசன் என்ற வேறொரு பத்திரிகையைக் கைக்கொண்டு முன்போலவே எழுதலானார். 1944 நவம்பர் 8-ஆம் நாள் வேப்பேரியில் ரிக்ஷாவிற் சென்றுகொண்டிருந்தபோது அவர் கத்தியாற் குத்தப்பட்டார். மறுநாள் சென்னைப் பொது மருத்துவமனையில் இறந்தார்.

இவ்விடத்தில் நாம் சிறிது நின்று சிந்திப்போம். லக்ஷ்மிகாந்தன் இறந்தார் என்று கேட்டபோது, அத்தகையோனுக்கு அதுவே தகும் என்று சொன்னவர் பலர். அவர் எழுதியவற்றைக் காசு கொடுத்து வாங்கிப் படித்தவரும் அங்ஙனம் சொன்னவருள் இருந்தனர். பிறர் மானத்தைக் கெடுப்போனைத் தண்டிக்கச் சட்டத்தில் வழியுண்டு. கத்தி அவ்வழியன்று. கொலையுண்டவன் நல்லவனாயினும் தீயவனாயினும் கொலை கொலையே. இறந்தவர் மீது தெருவார் கூறிய தீர்ப்பே இவ்வழக்கின் முதல் தீர்ப்பு. அதுவே முதற் பிழையுமாகும்.

அவ்வாண்டு டிசம்பர் இறுதியில் பாகவதரும், நகைச்சுவை நடிகர் என். எஸ். கிருஷ்ணனும், கோயம்புத்தூர்ப் பக்ஷிராஜா படநிலையத்து ஸ்ரீராமுலு நாயுடுவும் கைதாயினர். கொலைக்குச் சதி செய்தனர் என்பது அவர்கள்மேல் சாட்டப்பெற்ற குற்றம். 1945-ஆம் ஆண்டு சென்னை ஹைக்கோர்ட்டின் செஷன்ஸில் நீதிபதி மாக்கெட் முன்னிலையில் ஜூரிமாருடன் விசாரணை நடைபெற்றது. நாயுடு விடுதலை பெற்றார். மற்ற இருவரும் குற்றவாளிகள் என்று ஜூரிமாரிற் பெரும்பான்மையோர் முடிவு கூற, அவர்களுக்கு ஆயுட்காலத் தீவாந்தர சிக்ஷை விதிக்கப்பட்டது. பெயரளவில் தீவாந்தரமாயினும் அத்தண்டனை உள்நாட்டுச் சிறையிலேயே கழிந்தது.

அவ்விசாரணை நடந்த நாட்களில் ஹைக்கோர்ட்டைச் சூழ்ந்து நின்ற கூட்டத்தைப் பற்றிப் பெரியோர் பலர் சொல்லக் கேட்டிருக்கிறோம். நட்சத்திரங்களைப் பார்க்க வந்தவரே அவருள் மிகுதி. ஒருபால் ஹரிதாஸ் படத்திற்குச் சீட்டு வாங்க மக்கள் நெருக்கினர். மற்றொருபால் அதே நடிகர் சிறைவண்டியில் ஏறுவதைக் காணவும் நெருக்கினர். இரண்டும் அவர்க்கு ஒரே காட்சியாயிற்றுப் போலும்.

இவ்வியல்பு நம்மவர்க்கு மட்டும் உரியதன்று. விக்டோரியா மகாராணியார் காலத்து இங்கிலாந்திலும் கொலைவழக்குகள் பொதுமக்களின் பொழுதுபோக்காயிருந்தன. 1868 வரை அந்நாட்டில் தூக்குத்தண்டனையே பொதுவீதியில் நிறைவேற்றப்பட, பல்லாயிரவர் திரண்டு கண்டனர். 1889-ஆம் ஆண்டில் லிவர்ப்பூலில் பருத்தி வியாபாரி ஒருவரை அவர் மனைவி பிளாரன்ஸ் மேபிரிக் நஞ்சிட்டுக் கொன்றார் என்று வழக்கு எழுந்தது. விசாரணைத் தொடக்கத்தில் அப்பெண்ணை இகழ்ந்து கூச்சலிட்ட கூட்டமே, மரணதண்டனை விதிக்கப்பட்டதும் நீதிபதியை நோக்கிக் கூச்சலிட்டது. ஊரெங்கும் கருணை மனுக்கள் எழுந்தன. தண்டனை ஆயுட்சிறையாகக் குறைக்கப்பட்டது. 1904-இல்தான் அவர் வெளிவந்தார். அக்காலத்து இங்கிலாந்தில் கொலைக்குற்றவாளி என்று தீர்க்கப்பட்டவர், வழக்கின் உண்மையை மற்றொருமுறை ஆராயுமாறு மேல்நீதிமன்றத்தைக் கேட்க உரிமையில்லை. உள்நாட்டு மந்திரியின் தயவை நாடுதல் ஒன்றே வழி. அத்தகைய மேல்முறையீட்டு நீதிமன்றம் அங்கே 1907-ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் ஏற்பட்டது.

மேபிரிக் வழக்கை விசாரித்த நீதிபதி ஜேம்ஸ் பிட்ஸ்ஜேம்ஸ் ஸ்டீபன் என்பவர். இந்திய அரசாங்கத்தின் சட்ட மெம்பராயிருந்து 1872-ஆம் ஆண்டு இந்திய சாட்சியச் சட்டத்தை வகுத்தவரும் அவரே. குற்றத்தில் உடன்பட்டவன் ஒருவன் தன்னைக் காத்துக்கொள்ளும்பொருட்டு அப்ரூவராகிப் பிறர்மேற் சாட்சி சொல்லின், அதனை வேறு ஆதாரத்தால் உறுதிப்படுத்திக்கொள்ளாமல் நம்புதல் தகாது என்ற எச்சரிக்கை அச்சட்டத்தில் இருந்தது. பாகவதர் வழக்கும் அச்சட்டப்படியே நடந்தது. அதிலும் அப்ரூவரின் சாட்சியம் இருந்தது. அச்சாட்சியத்திற்கு எத்துணை மதிப்புக் கொடுப்பது என்பது பெருங்கேள்வியாயிற்று.

இனி மாணவர் கூர்ந்து நோக்கத்தக்க செய்தி ஒன்று உண்டு. சென்னை, கல்கத்தா, பம்பாய் ஹைக்கோர்ட்டுகளின் செஷன்ஸில் ஜூரிமாரால் குற்றவாளிகள் என்று தீர்க்கப்பட்டவர்க்கும், வழக்கின் உண்மைபற்றி மேல்முறையீடு செய்யும் வழி நெடுங்காலம் இல்லை. 1943-ஆம் ஆண்டில்தான் கிரிமினல் நடைமுறைச் சட்டத்தில் 411-ஏ என்ற பிரிவு சேர்க்கப்பட்டு அவ்வழி திறந்தது. அதற்கு அடுத்த ஆண்டே இக்கொலை நிகழ்ந்தது. அவ்வழி சிறிது பிந்தித் திறந்திருப்பின் பாகவதர் கதி யாதாயிருக்கும் என்று எண்ணுங்கால் நெஞ்சு நடுங்குகிறது.

புதிதாய்ப் பிறந்த அவ்வுரிமையும் எளிதிற் பயன்தரவில்லை. ஹைக்கோர்ட்டில் செய்த முதல் அப்பீல் தள்ளுபடியாயிற்று. வழக்கு லண்டன் பிரிவி கௌன்சிலுக்குச் சென்றது. சாட்சியங்களை ஆராயத் தனக்குள்ள அதிகாரத்தை ஹைக்கோர்ட்டு குறுகலாகக் கொண்டுவிட்டது என்று கருதிய பிரிவி கௌன்சில், அப்பீலை மீண்டும் விசாரிக்குமாறு திருப்பி அனுப்பிற்று. நீதிபதிகள் ஹாப்பெல், ஷஹாபுத்தீன் ஆகிய இருவரும் சாட்சியங்களைப் புதிதாய் ஆராய்ந்து, அவை குற்றத்தை மெய்ப்பிக்கப் போதா என்று கண்டு, 1947 ஏப்ரல் 25-ஆம் நாள் பாகவதரையும் கிருஷ்ணனையும் விடுதலை செய்தனர். அதே சாட்சிகள், அதே சொற்கள். முன்னர் ஆயுள்தண்டனையைத் தந்தவை பின்னர் விடுதலையைத் தந்தன. மனிதர் தீர்ப்பு எத்துணை வழுக்கும் இயல்பினது என்பதற்கு இதனினும் சான்று வேண்டுவதில்லை.

இரண்டு ஆண்டுகளுக்கு மேற்பட்ட சிறைவாசம் பாகவதரின் செல்வத்தையும் உடல்நலத்தையும் கரைத்துவிட்டது. அவரை வைத்து எடுக்கவிருந்த படங்கள் கைவிடப்பட்டிருந்தன. வெளிவந்தபின் 1948-இல் ராஜமுக்தி என்ற படத்தைத் தாமே எடுத்தார். அது வெற்றி பெறவில்லை. 1952-இல் அமரகவியும் சியாமளாவும், 1957-இல் புதுவாழ்வும் வந்தன. கைதாவதற்கு முன் அவர் நடித்த ஒன்பது படங்களிற் பல பெற்ற வரவேற்பைப் பின்வந்தவை பெறவில்லை. கச்சேரிகளில் மட்டும் அவர் குரலுக்கு மக்கள் கூடினர். நீரிழிவு முதலிய நோய்கள் வாட்ட, 1959 நவம்பர் 1-ஆம் நாள் தமது நாற்பத்தொன்பதாம் வயதில் சென்னையில் காலமானார். உடல் திருச்சிராப்பள்ளிக்குக் கொண்டுவரப்பட்டது. அவர் நடித்த சிவகாமி என்ற படம் அவர் மறைந்தபின் 1960-இல் வெளிவந்தது.

இவ்வீழ்ச்சி முழுவதையும் வழக்கின் மேலேயே சுமத்துதல் நேர்மையாகாது. அவர் சிறையிலிருந்த காலத்தில் மக்களின் சுவை மாறிற்று. பாட்டு மிகுந்த புராணப்படங்கள் தளர்ந்து, வசனம் மிகுந்த சமூகப்படங்கள் தலையெடுத்தன. உடன் சிறைசென்ற கிருஷ்ணன் நல்லதம்பி, மணமகள் போன்ற படங்களால் மீண்டும் தழைத்தார் என்பதும் உண்மையே. ஆயினும், பாகவதர் என்றதும் அவர் பாட்டைச் சொல்லுமுன் அவ்வழக்கைச் சொல்லும் வழக்கம் அவர் இறக்குமளவும் மாறவில்லை, இன்றும் மாறவில்லை. செய்தார் என்று நம்புவோரும், செய்யவில்லை என்று வாதிப்போரும் இன்றும் உளர். சட்டம் முடித்துவைத்த வழக்கை நாம் முடித்துவைக்கவில்லை.

அவரைச் சிறைக்கு அனுப்பிய ஜூரிமுறை நம் நாட்டில் 1973-ஆம் ஆண்டுச் சட்டத்தோடு மறைந்தது. ஸ்டீபன் வகுத்த சாட்சியச் சட்டத்திற்குப் பதிலாக 2024 ஜூலை 1 முதல் புதிய சட்டம் நடைமுறைக்கு வந்துள்ளது. ஆனால் நியாயஸ்தலத்திற்கு வெளியே அமரும் ஜூரிமார் கலைந்தபாடில்லை. முன்னர்த் தேநீர்க் கடையில் இருந்தவர் இப்போது கைப்பேசியிலும் அமர்ந்துள்ளனர். கைதான செய்தி வந்த அன்றே குற்றவாளி என்கின்றனர். விசாரணை எதற்கு, உடனே கொல்லுக என்கின்றனர். விடுதலையான செய்தியை அவர்களிற் பலர் படிப்பதே இல்லை.

நம் மாணவருட் சிலர் நாளை வழக்கறிஞராகவும் நீதிபதியாகவும் பத்திரிகையாசிரியராகவும் ஆதல் கூடும். ஆகாதவரும் இவ்வெளி ஜூரியில் ஒருவராக நாள்தோறும் அழைக்கப்படுவர். குற்றம் தண்டிக்கப்படல் வேண்டும், அதில் ஐயமில்லை. கொலையுண்டவர்க்காக நீதி கேட்பதும் கடனே. ஆனால், கல்லெறியக் கூடிய கூட்டத்தின் நடுவே குனிந்து தரையில் எழுதிய பெருமானைப் போல, தீர்ப்புச் சொல்லுமுன் சற்றே தாமதித்தல் கற்றோர்க்கு அழகு. இராஜபாளையத்துத் தெருவில் முதியவர் ஒருவர் பாகவதர் பாட்டை மெல்லப் பாடிக்கொண்டு செல்லக் கேட்டால், அவ்வழக்கைப் பற்றி அவரிடம் வினவாது, அப்பாட்டு முடியுமளவும் நின்று கேட்போமாக.