எல்லைகளைக் கடந்த ஆசிரியர்

நுழையும் முன்

இந்தியக் குடியரசின் முதல் தலைவர் டாக்டர் இராஜேந்திர பிரசாத் ஆவார். அவர் காலத்தில் நாட்டின் முதல் குடியரசுத் துணைத் தலைவராகப் பத்தாண்டுகள் பணியாற்றி, அவருக்குப் பின் இரண்டாவது குடியரசுத் தலைவராகப் பொறுப்பேற்றவர் டாக்டர் சர்வபள்ளி இராதாகிருஷ்ணன். அவர் பிறந்த ஊரும் பயின்ற ஊர்களும் நாம் வாழும் சித்தூர், திருப்பதிப் பகுதிகளிலும் அவற்றை அடுத்தும் அமைந்துள்ளன. அவருடைய வாழ்க்கை வரலாற்றை இப்பாடத்தில் அறிவோம்.

ஓர் ஊரும் பல எல்லைகளும்

திருப்பதியிலிருந்து சென்னைக்குச் செல்லும் தொடர்வண்டி ரேணிகுண்டா, புத்தூர், ஏகாம்பரகுப்பம் ஆகிய நிலையங்களைக் கடந்து தமிழ்நாட்டுக்குள் நுழைகிறது. அவ்வழியில் அடுத்து வரும் பெரிய ஊர் திருத்தணி. முருகப்பெருமானின் அறுபடை வீடுகளுள் ஒன்றாகிய மலைக்கோயில் அமைந்த ஊர் அது. அங்கு 1888ஆம் ஆண்டு செப்டம்பர் 5ஆம் நாள் வீராசாமி, சீதம்மா இணையருக்கு மகனாகப் பிறந்தார் இராதாகிருஷ்ணன்.

அவருடைய முன்னோர் நெல்லூர் மாவட்டத்தில் உள்ள சர்வபள்ளி என்னும் சிற்றூரைச் சேர்ந்தவர்கள். ஊரை விட்டு இடம்பெயர்ந்த பின்னரும் அவ்வூரின் பெயரையே குடும்பப் பெயராகத் தாங்கி வந்தனர். வீட்டில் தெலுங்கு பேசப்பட்டது. வீதியில் தமிழும் தெலுங்கும் கலந்து ஒலித்தன. ஆகவே, இரு மொழிகளுக்கு இடையே வளர்வது அச்சிறுவனுக்கு இயல்பான வாழ்க்கையாக இருந்தது.

அக்காலத்தில் திருத்தணி, திருப்பதி, வேலூர் ஆகிய மூன்று ஊர்களும் வட ஆர்க்காடு என்னும் ஒரே மாவட்டத்தில் இருந்தன. அம்மாவட்டத்தின் தலைமையிடம் சித்தூர். 1911ஆம் ஆண்டு சித்தூர் தனி மாவட்டமாயிற்று. திருத்தணியும் திருப்பதியும் அதனுள் அடங்கின. 1953ஆம் ஆண்டு ஆந்திர மாநிலம் உருவானபோது சித்தூர் மாவட்டம் அதனுடன் இணைந்தது. திருத்தணியைத் தமிழர் வாழும் பகுதியுடன் சேர்க்க வேண்டும் என்று ம. பொ. சிவஞானம் முதலியோர் போராடினர். அதன் பயனாக 1960ஆம் ஆண்டு ஏப்ரல் முதல் நாள் அவ்வூர் அன்றைய சென்னை மாநிலத்துடன் இணைக்கப்பட்டது. 2022ஆம் ஆண்டு திருப்பதி தனி மாவட்டமாயிற்று. இவ்வாறு ஊரைச் சுற்றியுள்ள எல்லைகள் பலமுறை மாறின. இரு மொழி மக்களும் அண்டை வீட்டாராக வாழ்ந்து வருகின்றனர்.

திருப்பதியில் கல்வி

இராதாகிருஷ்ணனின் தந்தையார் ஒரு ஜமீனில் வருவாய்த் துறையின் சிறு அலுவலராகப் பணியாற்றினார். குடும்பம் பெரிது, வருவாய் சிறிது. எனினும் மகனின் கல்வி தடைபடவில்லை. தொடக்கக் கல்வியைத் திருத்தணியில் முடித்த அவர், 1896ஆம் ஆண்டு, தம் எட்டாம் வயதில் திருப்பதிக்கு அனுப்பப்பட்டார். அங்கு ஜெர்மனியைச் சேர்ந்த ஹெர்மன்ஸ்பர்க் லுத்தரன் சமயப் பணியாளர் நடத்திய பள்ளியில் பயின்றார். பின்னர் வேலூர் ஊரிஸ் கல்லூரியிலும், அதன்பின் சென்னைக் கிறித்தவக் கல்லூரியிலும் கல்வியைத் தொடர்ந்தார். அவர் பெற்ற உதவித்தொகைகள் படிப்புச் செலவுக்குத் துணைநின்றன.

இம்மூன்று நிறுவனங்களும் கிறித்தவ சமயப் பணியாளர்களால் நடத்தப்பட்டவை. அவை அவருக்கு ஆங்கிலத்தையும் மேலைநாட்டுச் சிந்தனையையும் கற்பித்தன. அதே வேளையில், இந்திய நாட்டின் சமயங்களையும் தத்துவங்களையும் குறைகூறும் கருத்துகளும் அங்கு அவர் காதில் விழுந்தன. வேதாந்தம் உலகத்தை வெறும் மாயை என்று கூறுவதால், அதில் நல்லொழுக்கத்துக்கு இடமில்லை என்று அறிஞர் சிலர் வாதிட்டனர். வழிபாட்டில் தோய்ந்த குடும்பத்தில் வளர்ந்த இளைஞருக்கு அது மனவருத்தத்தைத் தந்தது.

தம் நம்பிக்கையை ஒருவர் குறைகூறும்போது சிலர் சினம் கொள்வர். சிலர் நாணித் தம் மரபையே மறைப்பர். இராதாகிருஷ்ணன் இவ்விரண்டையும் செய்யவில்லை. குறைகூறுவோரின் நூல்களையும் படித்தார். தம் முன்னோரின் நூல்களையும் தேடிப் படித்தார். அவர்கள் கூறுவதில் உண்மை எது, பிழை எது என்று ஆராய்ந்தார். அவருடைய வாழ்நாள் ஆராய்ச்சிக்கு இத்தேடலே வித்தாயிற்று.

தத்துவம் கற்ற கதை

இராதாகிருஷ்ணன் தத்துவத் துறையைத் தேர்ந்தெடுத்ததற்கு வறுமையும் ஒரு காரணம். அதே கல்லூரியில் படித்து முடித்த உறவினர் ஒருவர், தம் தத்துவப் பாடநூல்களை அவருக்குக் கொடுத்தார். புதிய நூல்கள் வாங்கப் பணமில்லாத மாணவர், கைக்குக் கிடைத்த நூல்களுக்கு ஏற்ற பாடத்தையே எடுத்துக்கொண்டார். இவ்வாறு தற்செயலாக அமைந்த துறையில் அவர் உலகப் புகழ் பெற்றார்.

முதுகலைப் பட்டத்துக்காக அவர் ஓர் ஆய்வேடு எழுதினார். வேதாந்தத்தில் ஒழுக்கநெறிக்கு இடமுண்டு என்று நிறுவுவதே அதன் நோக்கம். அதனைப் படிப்பவர் கிறித்தவ சமயப் பணியாளராகிய பேராசிரியர் ஏ. ஜி. ஹாக். தம் ஆசிரியர் அதனால் மனம் வருந்துவாரோ என்று மாணவர் அஞ்சினார். ஆனால் ஹாக், அவ்வாய்வின் சிறப்பை மனமாரப் பாராட்டினார். அவ்வாய்வேடு 1908ஆம் ஆண்டு நூலாக வெளிவந்தபோது இராதாகிருஷ்ணனுக்கு வயது இருபது. மாற்றுக் கருத்துடைய மாணவரையும் மதிக்கும் ஆசிரியரை அவர் அன்று நேரில் கண்டார்.

ஆசிரியப் பணி

1909ஆம் ஆண்டு சென்னை மாநிலக் கல்லூரியில் தத்துவ ஆசிரியரானார். 1918ஆம் ஆண்டு மைசூர்ப் பல்கலைக்கழகத்தில் பேராசிரியராகப் பொறுப்பேற்றார். 1921ஆம் ஆண்டு கல்கத்தா பல்கலைக்கழகம் அவரை அழைத்தது. அவர் மைசூரை விட்டுப் புறப்பட்ட நாளில், மாணவர்கள் ஒரு வண்டியை மலர்களால் அலங்கரித்து அவரை அதில் அமர்த்தினர். குதிரைகளை விடுவித்துவிட்டுத் தாங்களே அவ்வண்டியைத் தொடர்வண்டி நிலையம் வரை இழுத்துச் சென்றனர்.

இந்தியத் தத்துவ வரலாற்றை அவர் ஆங்கிலத்தில் இரு பெருந்தொகுதிகளாக எழுதினார். அவை 1923, 1927ஆம் ஆண்டுகளில் வெளிவந்தன. இந்தியச் சிந்தனையை அறியாத மேலைநாட்டினர் பலருக்கு அந்நூல்கள் வாயிலாக அமைந்தன. 1936ஆம் ஆண்டு இங்கிலாந்தின் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகம், கீழைநாட்டுச் சமயங்களையும் ஒழுக்கநெறியையும் கற்பிக்கும் பேராசிரியராக அவரை அமர்த்தியது. திருப்பதிப் பள்ளியில் மேலைநாட்டவரிடம் பாடம் கேட்ட சிறுவர், இப்போது மேலைநாட்டு மாணவர்களுக்குப் பாடம் சொல்லலானார்.

அதற்கு முன்னரே, 1931 முதல் 1936 வரை ஆந்திரப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராக விளங்கினார். அப்பல்கலைக்கழகத்தின் முதல் துணைவேந்தர் சித்தூரைச் சேர்ந்த கட்டமஞ்சி இராமலிங்க ரெட்டி. விடுதலைப் போராட்டத்தை ஆங்கில அரசு அடக்கிய முறையைக் கண்டித்து 1930ஆம் ஆண்டு அவர் பதவி விலகினார். இராதாகிருஷ்ணன் அப்பொறுப்பை ஏற்றபோது திருத்தணி சித்தூர் மாவட்டத்தில் இருந்தது. ஆகவே, அப்பல்கலைக்கழகத்தைத் தொடக்கத்தில் வளர்த்த இருவரும் சித்தூர் மாவட்டத்தவரே எனலாம். பின்னர் 1939 முதல் 1948 வரை காசி இந்துப் பல்கலைக்கழகத்தின் துணைவேந்தராகவும் இராதாகிருஷ்ணன் பணியாற்றினார்.

நாட்டுப் பணி

அரசியலமைப்பு நிர்ணய மன்றத்தில் அவர் உறுப்பினராக இருந்தார். 1947ஆம் ஆண்டு ஆகஸ்ட் 14ஆம் நாள் நள்ளிரவில், விடுதலையை வரவேற்று அம்மன்றத்தில் உரையாற்றியவர்களுள் அவரும் ஒருவர். விடுதலைக்குப் பின் அமைக்கப்பட்ட பல்கலைக்கழகக் கல்விக் குழுவுக்கு அவரே தலைவர். பல்கலைக்கழக மானியக் குழு உருவாக அக்குழுவின் அறிக்கை வழிவகுத்தது. 1949 முதல் 1952 வரை சோவியத் நாட்டில் இந்தியத் தூதராகப் பணிபுரிந்தார்.

1952ஆம் ஆண்டு மே 13ஆம் நாள் இந்தியாவின் முதல் குடியரசுத் துணைத் தலைவரானார். அப்பதவியின் வழியே மாநிலங்களவையின் முதல் தலைவராகவும் திகழ்ந்தார். வகுப்பறையை நடத்திய பழக்கம், மாறுபட்ட கட்சியினர் வாதிடும் அவையை நடத்தவும் அவருக்கு உதவியது. 1954ஆம் ஆண்டு முதன்முதலாக வழங்கப்பட்ட பாரத ரத்னா விருதை இராஜாஜி, சர் சி. வி. இராமன் ஆகியோருடன் பெற்றார்.

1962ஆம் ஆண்டு மே 13ஆம் நாள் குடியரசுத் தலைவரானார். தென்னிந்தியாவிலிருந்து அப்பதவியை அடைந்த முதல்வர் அவரே. அவருடைய ஐந்தாண்டுக் காலம் நாட்டுக்குச் சோதனைக் காலமாக அமைந்தது. 1962இல் சீனாவுடனும் 1965இல் பாகிஸ்தானுடனும் போர் மூண்டது. பிரதமர் நேரு 1964ஆம் ஆண்டிலும், பிரதமர் லால் பகதூர் சாஸ்திரி 1966ஆம் ஆண்டிலும் மறைந்தனர். இருமுறையும் ஆட்சி தடைபடாதவாறு இடைக்காலப் பிரதமராகக் குல்சாரிலால் நந்தாவுக்குப் பதவிப் பிரமாணம் செய்து வைத்து, பின்னர் முறைப்படி தேர்ந்தெடுக்கப்பட்டவரிடம் பொறுப்பை ஒப்படைத்தார்.

நிலைத்த நினைவு

அவர் குடியரசுத் தலைவரானபோது அன்பர்களும் மாணவர்களும் அவருடைய பிறந்தநாளைக் கொண்டாட விரும்பினர். தம் பிறந்தநாளாகக் கொண்டாடுவதை விட, ஆசிரியர்களைப் போற்றும் நாளாகக் கொண்டாடினால் தாம் பெருமை கொள்வதாக அவர் தெரிவித்தார். அவ்வாறே 1962 முதல் செப்டம்பர் 5ஆம் நாள் ஆசிரியர் நாளாகக் கொண்டாடப்பட்டு வருகிறது.

1967ஆம் ஆண்டு பதவிக்காலம் முடிந்ததும் சென்னை மயிலாப்பூரில் உள்ள தம் இல்லத்துக்குத் திரும்பினார். 1975ஆம் ஆண்டு ஏப்ரல் 17ஆம் நாள், தம் 86ஆம் வயதில் இயற்கை எய்தினார். அவருடைய இல்லம் அமைந்த சாலை இன்று டாக்டர் இராதாகிருஷ்ணன் சாலை என வழங்குகிறது.

வீட்டில் ஒரு மொழியும் பள்ளியில் வேறொரு மொழியும் பேசி வளரும் மாணவர்கள், தங்களை எந்த ஊரார் என்று சொல்வது எனச் சில வேளைகளில் தயங்குவதுண்டு. இராதாகிருஷ்ணனின் குடும்பம் சர்வபள்ளியின் பெயரை விடவில்லை. அவர் திருத்தணியில் வளர்ந்தார். திருப்பதியிலும் வேலூரிலும் கற்றார். அவ்வூர்கள் இன்று இரு மாநிலங்களில் இருப்பினும், அவை யாவும் அவரைத் தம் மகன் என்று உரிமையோடு சொல்லிக்கொள்கின்றன.

சொல்லும் பொருளும்

இணையர் – கணவனும் மனைவியும்
தோய்ந்த – ஊறிய
நாணி – வெட்கப்பட்டு
வித்து – விதை, தொடக்கம்
நிறுவுதல் – சான்று காட்டி உறுதிப்படுத்துதல்
இயற்கை எய்துதல் – மறைதல்

பயிற்சி

1. 1888ஆம் ஆண்டில் திருத்தணி எந்த மாவட்டத்தில் இருந்தது? அம்மாவட்டத்தின் தலைமையிடம் எது?
2. இராதாகிருஷ்ணன் தத்துவப் பாடத்தைத் தேர்ந்தெடுக்கக் காரணம் யாது?
3. தம் மரபைப் பிறர் குறைகூறியபோது இராதாகிருஷ்ணன் என்ன செய்தார்? அதனைப் பற்றி நீவிர் கருதுவது யாது?
4. பேராசிரியர் ஹாக்கின் செயலிலிருந்து நல்லாசிரியரின் பண்புகளுள் இரண்டனை எழுதுக.
5. உங்கள் குடும்பத்தின் முன்னோர் எந்த ஊரினர்? எப்போது, எதற்காக இங்கு வந்தனர்? வீட்டில் உள்ள பெரியோரைக் கேட்டுப் பத்து வரிகளில் எழுதுக.