எட்டாம் வகுப்போடு நின்றவர்



கண்ணதாசன் என்றதும் நமக்குப் பாட்டுதான் ஞாபகம் வரும். எங்க அப்பா வலை பின்னும்போது அவர் பாட்டைத்தான் முணுமுணுப்பார். ஆனால் அவர் சினிமாவுக்கு வசனமும் எழுதியவர் என்பது இந்த வருசம்தான் எனக்குத் தெரிந்தது.

கண்ணதாசன் 24.6.1927 அன்று காரைக்குடி பக்கத்தில் சிறுகூடல்பட்டியில் பிறந்தார். இயற்பெயர் முத்தையா. அந்த ஊர் இப்போது சிவகங்கை மாவட்டம். 1985-க்கு முன்னாடி நம்ம ராமநாதபுரம் மாவட்டம்தான். அதனால் அவரை நம்ம மாவட்டத்துக்காரர் என்றே சொல்லலாம்!

சின்ன வயசிலேயே அவரை 7000 ரூபாய்க்கு வேறு வீட்டுக்குத் தத்துக் கொடுத்துட்டாங்க. படிப்பு எட்டாம் வகுப்போடு நின்னுபோச்சு. பிழைப்புத் தேடி சென்னைக்குப் போனார். பிறகு புதுக்கோட்டையில் திருமகள் என்ற பத்திரிகைக்கு ஆசிரியர் ஆனார்.

1949-ல் கன்னியின் காதலி படத்துக்கு முதல் பாட்டு எழுதினார். 1953-ல் கல்லக்குடிப் போராட்டத்தில் ஜெயிலுக்குப் போனார். அடுத்த வருசம் அவர் வசனம் எழுதிய இல்லற ஜோதி வந்தது. எம்.ஜி.ஆர். நடித்த மதுரை வீரன் (1956) படத்துக்கும் அவர்தான் வசனம். நாடோடி மன்னன் (1958) வசனத்தை ரவீந்தரோடு சேர்ந்து எழுதினார்.

அப்புறம் சொந்தமாகவும் படம் எடுத்தார். மருது சகோதரர்கள் கதைதான் சிவகங்கைச் சீமை (1959). அதே மே மாசம் சிவாஜி நடித்த வீரபாண்டிய கட்டபொம்மன் வந்து ஓகோன்னு ஓடியது. இது அந்த அளவுக்கு ஓடல. 1960-ல் கவலை இல்லாத மனிதன் எடுத்தார். பேருதான் அப்படி! அவருக்குக் கடனும் கவலையும்தான் மிச்சம்.

ஆனாலும் பேனாவைக் கீழே வைக்கல. சேரமான் காதலி நாவலுக்கு 1980-ல் சாகித்ய அகாதமி விருது கிடைத்தது. 17.10.1981 அன்று அமெரிக்காவில் சிகாகோ நகரில் காலமானார். காரைக்குடியில் அவருக்கு மணிமண்டபம் இருக்கிறது.

போன வருசம் என் பக்கத்தில் உட்கார்ந்தவள் எட்டாவதோடு நின்னுட்டா. இப்போ அவங்க அம்மாகூட கடலுக்குப் பாசி எடுக்கப் போறா. என் கையெழுத்தைவிட அவ கையெழுத்துதான் அழகு. கண்ணதாசனே எட்டாவதுதானே, பொம்பளப் பிள்ளைக்கு எதுக்கு மேல படிப்புன்னு எங்க வீட்டிலும் ஒரு பேச்சு வந்துச்சு. பள்ளிக்கூடம் நின்னாலும் அவர் படிக்கிறதை நிறுத்தலையேன்னு நான் பதில் சொன்னேன். அப்பா ஒண்ணும் பேசல. மறுநாள் பள்ளிக்கூடம் போகச் சொல்லிட்டார்.

இந்தத் தாளை இறக்கினதும் அவளிடம் கொண்டுபோய்க் காட்டப் போறேன். டீச்சர் சம்மதித்தால் அடுத்த தாளை அவளே எழுதட்டும்.

இப்படிக்கு,
ஒன்பதாம் வகுப்பு மாணவி