செவித்திறன் குறைபாட்டை வென்று 500 படங்களுக்கு மேல்: கன்னட நடிகர் பாலகிருஷ்ணாவின் திரைப் பயணம்

பெங்களூரு: கெங்கேரி அருகே உள்ள அபிமான் ஸ்டுடியோவின் பெயர் அண்மை ஆண்டுகளில் நில விவகாரம் தொடர்பான செய்திகளில்தான் அதிகம் இடம்பெற்றது. ஆனால், அதை உருவாக்கிய குணச்சித்திர நடிகர் டி.என். பாலகிருஷ்ணாவின் வாழ்க்கை, கன்னடத் திரையுலகம் சொந்தக் காலில் நிற்கப் போராடிய வரலாற்றின் ஒரு பகுதியாகும்.

ஹாசன் மாவட்டம் அரசிகெரேயைச் சேர்ந்த பாலகிருஷ்ணாவுக்கு இளமையிலேயே செவித்திறன் குறைந்தது. நாடக மேடையில் தொழில் பழகிய அவர், 1943-இல் வெளியான 'ராதா ரமணா' படத்தின் மூலம் திரைக்கு வந்தார். பின்னாளில் புகழ்பெற்ற இயக்குநரான ஜி.வி. ஐயருக்கும் அதுவே முதல் படம்.

எதிரே நிற்பவர் பேசி முடித்ததைக் காதால் அறிய முடியாத நடிகருக்கு, எந்த இடத்தில் தன் வசனத்தைத் தொடங்குவது என்பதே பெரும் சவால். சக நடிகர்களின் உதட்டசைவைக் கூர்ந்து கவனித்தும், காட்சி முழுவதையும் மனப்பாடம் செய்தும் பாலகிருஷ்ணா அதைச் சமாளித்தார். அவரது குறைபாட்டை ரசிகர்கள் திரையில் உணரவே இல்லை. வஞ்சக வில்லனாகவும், நகைச்சுவை நடிகராகவும், பாசமிக்க பெரியவராகவும் 500-க்கும் மேற்பட்ட படங்களில் அவர் நடித்தார்.

அக்காலத்தில் பெரும்பாலான கன்னடப் படங்கள் சென்னை ஸ்டுடியோக்களையே நம்பியிருந்தன. வாய்ப்புகள் குறைந்திருந்த சூழலில் ராஜ்குமார், நரசிம்மராஜு, ஜி.வி. ஐயர் ஆகியோருடன் பாலகிருஷ்ணாவும் இணைந்து 'ரணதீர கண்டீரவா' படத்தைத் தயாரித்தார். 1960-இல் வெளியான அந்த வரலாற்றுப் படம், நடிகர்களே முதலீட்டுக்கும் இழப்புக்கும் பொறுப்பேற்ற துணிச்சலான முயற்சியாகும்.

1972-இல் சித்தலிங்கையா இயக்கத்தில் வெளிவந்த 'பங்காரத மனுஷ்யா' படத்தில், நாயகன் ராஜ்குமாருக்குத் துணை நிற்கும் ராச்சூட்டப்பாவாக நடித்தார் பாலகிருஷ்ணா. பெங்களூரு ஸ்டேட்ஸ் திரையரங்கில் சுமார் 2 ஆண்டுகள் ஓடிய இப்படம், அவரைக் கிராமப்புற ரசிகர்களிடமும் நெருக்கமாக்கியது.

கன்னடப் படங்களைக் கர்நாடக மண்ணிலேயே எடுக்க வேண்டும் என்ற எண்ணத்தில், அரசு ஒதுக்கிய சுமார் 20 ஏக்கர் நிலத்தில் அவர் அபிமான் ஸ்டுடியோவை நிறுவினார். ஆயினும் பெரும் மூலதனம் இல்லாத தனிநபரால் அதை நவீன வசதிகளுடன் தொடர்ந்து நடத்துவது எளிதாக இருக்கவில்லை. நடிப்பில் ஈட்டிய புகழ், ஸ்டுடியோ நிர்வாகத்தில் அவருக்குக் கைகொடுக்கவில்லை.

1995-இல் பாலகிருஷ்ணா காலமானார். 2009 டிசம்பரில் நடிகர் விஷ்ணுவர்தனின் இறுதிச் சடங்கு இந்த ஸ்டுடியோ வளாகத்தில் நடைபெற்றது. அவருக்கான அரசு நினைவகம் மைசூருவில் 2023-இல் திறக்கப்பட்டது. நீண்ட சட்டப் போராட்டத்துக்குப் பின், அபிமான் ஸ்டுடியோவில் இருந்த அவரது சமாதி 2025 ஆகஸ்டில் அகற்றப்பட்டது. இது ரசிகர்களிடையே கடும் எதிர்ப்பை ஏற்படுத்தியது.

அந்த நிலத்தில் முழு வடிவம் பெறாமல் போன பாலகிருஷ்ணாவின் கனவு, பெங்களூருவில் வேறு வழிகளில் நிறைவேறியது. ஒரு காலத்தில் சென்னையை நம்பியிருந்த கன்னடத் திரையுலகம், இன்று அந்நகரையே தலைமையிடமாகக் கொண்டு இயங்குகிறது.