'சந்திரலேகா' முரசு நடனத்துக்குப் பின்னால் இருந்த கேமரா மேதை: யார் இந்த கே.ராம்நாத்?

ராட்சத முரசுகள் மீது பெண்கள் ஆட, முரசுகளுக்குள்ளிருந்து வீரர்கள் குதித்து வருவார்களே... 1948-ல் வெளியான 'சந்திரலேகா'வின் அந்தக் காட்சியை இன்றும் யாரும் மறக்கவில்லை. எஸ்.எஸ்.வாசன் பெயர் எல்லோருக்கும் தெரியும். ஆனா, அந்தக் காட்சியைத் திட்டமிட்டதில் முக்கியப் பங்கு கே.ராம்நாத்துக்கு உண்டு என்கிறார்கள் சினிமா வரலாற்று ஆய்வாளர்கள். படம் வெளிவரும் முன்பே அவர் ஜெமினியை விட்டுப் போய்விட்டார்.

கேமராவில் தொடங்கிய பயணம்

1912-ல் திருவனந்தபுரத்தில் பிறந்தவர் ராம்நாத். சென்னையில் இயக்குநர் முருகதாசா, கலை இயக்குநர் ஏ.கே.சேகர் ஆகியோருடன் கைகோத்தார். 'மார்க்கண்டேயா' (1935) படத்துக்கு ஒளிப்பதிவு செய்தார். பிறகு வாகினியில் பி.என்.ரெட்டியின் 'வந்தேமாதரம்' (1939) உள்ளிட்ட தெலுங்குப் படங்கள். அதன் நாயகன் நாகையா.

இயக்குநர் நாற்காலி

ஜெர்மனியின் கார்ல் ஃப்ராய்ண்ட் 'மெட்ரோபொலிஸ்' (1927) படத்துக்கு கேமரா பிடித்துவிட்டு, ஹாலிவுட் போய் 'தி மம்மி' (1932) இயக்கினார். ராம்நாத் போனதும் அதே பாதைதான். ஜெமினியை விட்டு வந்ததும் 'கன்னியின் காதலி'யை (1949) இயக்கினார். கண்ணதாசன் பாடலாசிரியராக அறிமுகமான படம் இது.

அடுத்து கோவை பட்சிராஜா ஸ்டுடியோவில் 'ஏழை படும் பாடு' (1950). விக்டர் ஹியூகோவின் பிரெஞ்சு நாவல்தான் மூலம். வாகினி காலத்தில் பழகிய நாகையாதான் இதிலும் நாயகன். துரத்தும் போலீஸ் அதிகாரி ஜாவராக நடித்த சீதாராமனுக்கு அந்தப் பெயரே நிலைத்துப்போச்சு. கடைசி வரை அவர் 'ஜாவர்' சீதாராமன்தான்.

1951-ல் எம்.ஜி.ஆர் நடித்த 'மர்மயோகி'. பேய் உருவம் வரும் காட்சிகளால் 'ஏ' சான்றிதழ் பெற்ற முதல் தமிழ்ப் படம் இதுதான்!

ஏன் மறந்தோம்?

1956-ல் ராம்நாத் காலமானபோது அவருக்கு வயது 44 தான். இயக்குநராக அவருக்குக் கிடைத்தது சில ஆண்டுகள் மட்டுமே. ஸ்டுடியோ முதலாளியின் பெயரே படத்தின் அடையாளமாக இருந்த காலம் அது. கேமராவுக்குப் பின்னால் நின்றவரை ரசிகர்கள் தெரிந்துகொள்ள வழியே இல்லை.

ஒளிப்பதிவாளரே இயக்குநர் என்றால் நமக்கு உடனே நினைவுக்கு வருவது பாலு மகேந்திரா. அவரது 'அழியாத கோலங்கள்' வந்தது 1979-ல். அதற்கு 30 வருஷம் முன்பே அந்தப் பாதையில் நடந்தவர் ராம்நாத். அடுத்த முறை முரசு நடனம் பார்க்கும்போது, இவரையும் கொஞ்சம் நினைச்சுக்குங்க.