சட்டாம்பிள்ளையை லண்டனுக்குக் கொண்டுபோன பாதிரியார்: யார் இந்த ஆண்ட்ரூ பெல்?

தேர்தல் அறிவிப்பு வந்துவிட்டால், வேங்கிக்காலில் இருக்கும் திருவண்ணாமலை கலெக்டர் அலுவலகத்துக்கு ஒரு பெரிய வேலை கூடுதலாகச் சேர்ந்துகொள்ளும். வாக்குச்சாவடிகளில் உட்காரப்போகும் ஆசிரியர்கள், அரசு ஊழியர்கள் அத்தனை பேருக்கும் வாக்குப்பதிவு இயந்திரத்தை எப்படி இயக்குவது, எந்தப் படிவத்தில் எதை நிரப்புவது என்று சொல்லிக்கொடுத்தாக வேண்டும். ஒரே ஆள் எல்லோருக்கும் சொல்லித்தர முடியாது. அதனால் முதலில் சிலருக்குப் பயிற்சி. அவர்கள்தான் மாஸ்டர் டிரெய்னர்கள். அவர்கள் தொகுதிவாரியாகப் போய் மற்றவர்களுக்குச் சொல்லித்தருவார்கள்.

2022-ல் தொடங்கிய எண்ணும் எழுத்தும் திட்டத்துக்கு ஆசிரியர்களைத் தயார்செய்ததும் இப்படிப் படிப்படியாகத்தான். ஐடி கம்பெனியில் புதிதாகச் சேர்ந்தவருக்கு, 2 வருட சீனியர் ஒருவர் பக்கத்தில் உட்கார்ந்து வேலையைக் கற்றுக்கொடுப்பதும் கிட்டத்தட்ட இதே ரகம்.

கற்றுக்கொண்டவரையே கற்றுக்கொடுப்பவர் ஆக்குகிற இந்த ஏற்பாட்டை, விதிமுறைகளோடு எழுதிவைத்து உலகம் முழுக்கப் பரப்பியதில் முக்கியமான ஆள் ஒரு ஸ்காட்லாந்துக்காரர். ஆனால் அவர் அதை உருவாக்கியது ஸ்காட்லாந்தில் இல்லை, நம்ம எழும்பூரில்! அந்த முறைக்கு இங்கிலாந்தில் விழுந்த பெயரே 'மெட்ராஸ் சிஸ்டம்'. அவர் பெயர் ஆண்ட்ரூ பெல்.

முடிதிருத்துபவரின் மகன்

1753 மார்ச் 27, ஸ்காட்லாந்தின் செயின்ட் ஆண்ட்ரூஸ் நகரத்தில் பிறந்தார் பெல். அப்பா முடிதிருத்தும் தொழில் செய்தவர். மகன் உள்ளூர் பல்கலைக்கழகத்தில் கணிதமும் இயற்பியலும் படித்தார். 1774-ல் அமெரிக்காவின் வர்ஜீனியாவுக்குப் போய், ஒரு பணக்கார வீட்டுப் பிள்ளைகளுக்கு டியூஷன் மாஸ்டர் ஆனார். 1781-ல் ஊர் திரும்பும்போது கப்பல் விபத்தில் சிக்கி உயிர் தப்பினார். பிறகு இங்கிலாந்துத் திருச்சபையில் பாதிரியார் ஆனார்.

அந்தக் காலத்தில் பணம் சேர்க்க நினைத்த ஸ்காட்லாந்து இளைஞர்களுக்கு இந்தியா ஒரு கனவு. 1787 பிப்ரவரியில் பெல்லும் கப்பல் ஏறினார். கிளம்புவதற்கு முன்பு அவர் படித்த பல்கலைக்கழகம் ஒரு மருத்துவப் பட்டத்தைக் கௌரவமாகக் கொடுத்து அனுப்பியது. மருத்துவம் படிக்காமலேயே டாக்டர்! போக நினைத்தது கல்கத்தாவுக்கு. ஆனால் மெட்ராஸில் இறங்கியவர் இங்கேயே தங்கிவிட்டார். ஒரே நேரத்தில் பல ராணுவப் பிரிவுகளுக்கு பாதிரியார் பதவி, ஒவ்வொன்றுக்கும் தனிச் சம்பளம். நடுவில் அறிவியல் சொற்பொழிவுகள். ஆள் லேசுப்பட்டவர் இல்லை.

ஆனால் ஒரு வேலைக்கு மட்டும் அவர் சம்பளம் வாங்கவில்லை.

எழும்பூர் அனாதை விடுதி

கிழக்கிந்திய கம்பெனியின் ஐரோப்பியச் சிப்பாய்களுக்கும் இந்தியப் பெண்களுக்கும் பிறந்த பிள்ளைகள் அன்றைய மெட்ராஸில் நிறையப் பேர். அப்பா போரில் செத்திருப்பார், அல்லது ஊர் போய்ச் சேர்ந்திருப்பார். பார்த்துக்கொள்ள ஆளில்லாத ஆண் பிள்ளைகளுக்காக 1789-ல் எழும்பூரில் ஒரு விடுதிப் பள்ளி தொடங்கப்பட்டது. அதன் கண்காணிப்பாளர் பொறுப்பைத்தான் பெல் சம்பளம் வேண்டாம் என்று சொல்லி ஏற்றுக்கொண்டார்.

பள்ளிக்கு ஒரு தலைமை ஆசிரியர், சில உதவி ஆசிரியர்கள் இருந்தார்கள். பாடம் தெரிந்தவர்கள்தான். பிரச்னை வேறு இடத்தில் இருந்தது. எழுத்து கூட்டிப் படிக்கவே பையன்கள் மாதக்கணக்கில் திணறினார்கள். பெல் ஏதாவது மாற்றம் சொன்னால் ஆசிரியர்களுக்குப் பிடிக்காது. பொறுமையாக உட்கார்ந்து ஒருவரைப் பழக்கி எடுத்தால், தேறியதும் அவர் இதைவிட நல்ல சம்பளத்துக்கு, இதைவிட லேசான வேலைக்குப் போய்விடுவார். இன்றைக்கு எந்தப் பயிற்சி நிறுவனத்து ஹெச்ஆரிடம் கேட்டாலும் சொல்லும் அதே புலம்பல்தான்.

ஒருநாள் காலை குதிரையில் போய்க்கொண்டிருந்த பெல், வழியில் ஒரு பள்ளிக்கூடத்தைப் பார்த்தார். பிள்ளைகள் தரையில் உட்கார்ந்து, மணலைப் பரப்பி, விரலால் எழுதிக்கொண்டிருந்தார்கள். அதை அவர் 'மலபார் பள்ளி' என்று குறிப்பிடுகிறார். இதைப் படித்துவிட்டு கேரளா என்று நினைத்துவிட வேண்டாம். அன்றைய மெட்ராஸ் ஆங்கிலேயர்கள் தமிழர்களைத்தான் மலபார்கள் என்று சொல்வார்கள். அவர் பார்த்தது நம்ம ஊர் திண்ணைப் பள்ளிக்கூடம்.

திரும்பி வந்ததும், சின்னப் பிள்ளைகளுக்கு மணலில் எழுத்து சொல்லிக்கொடுக்கும்படி ஆசிரியரிடம் சொன்னார். முடியாது என்று பதில் வந்தது. அடுத்து பெல் செய்ததுதான் வரலாறு. ஜான் ஃப்ரிஸ்கன் என்ற 8 வயதுப் பையனைக் கூப்பிட்டார். சாதாரணச் சிப்பாயின் மகன். எழுத்து தெரியும், கெட்டிக்காரன். அந்த வேலையை அவனிடம் ஒப்படைத்தார். ஆசிரியர் முடியாது என்று சொன்னதை ஃப்ரிஸ்கன் செய்துகாட்டினான். கொஞ்ச நாளில் கீழ் வகுப்புகள் அவன் பொறுப்புக்கு வந்தன, அவனுக்குக் கீழே உதவிக்கு வேறு பையன்கள். பிறகு பள்ளி முழுவதும் பிள்ளைகளே பிள்ளைகளுக்கு ஆசிரியர் ஆனார்கள்.

நல்ல டிரெய்னர் யார்? பெல் போட்ட விதிகள்

பெரியவர்களைவிட 8 வயதுப் பையனுக்கு அதிகம் தெரியும் என்று பெல் நம்பவில்லை. அவர் கவனித்தது வேறு. ஒரு விஷயத்தை நன்றாகத் தெரிந்து வைத்திருப்பதும், அதை இன்னொருவருக்குள் இறக்குவதும் தனித்தனித் திறமைகள். நேற்றுதான் ஒன்றைக் கற்றுக்கொண்டவனுக்கு, தான் எங்கே இடறினோம் என்பது மறந்திருக்காது. இருபது வருடம் முன்பு கற்றவருக்கு அது சுத்தமாக மறந்துபோயிருக்கும்.

ஆனால் சும்மா பையனைக் கூப்பிட்டு நிற்கவைத்தால் போதும் என்று அவர் விட்டுவிடவில்லை. எழும்பூரில் நடைமுறை கறாராக இருந்தது. பாடம் சின்னதாக இருக்க வேண்டும். அது முழுசாகத் தெரியாமல் அடுத்ததற்குப் போகக் கூடாது. அன்றன்று எவ்வளவு முடிந்தது என்பதற்குப் பதிவேடு உண்டு. ஒரு வகுப்பு பின்தங்கினால் முதல் கேள்வி அந்த வகுப்புக்குச் சொல்லிக்கொடுப்பவனுக்குத்தான், படிக்கிற பிள்ளைக்கு இல்லை. நன்றாகப் படிப்பவன் மேல் இடத்துக்கு நகர்வான், தடுமாறுபவன் இறங்குவான், மறுபடி ஏறலாம்.

அடி விஷயத்திலும் அவர் தன் காலத்தைவிட முன்னால் இருந்தார். பிரம்பு இல்லாமல் பள்ளியா என்று இரு நாடுகளிலும் கேட்ட காலம் அது. பெல் தவறுகளை ஒரு கறுப்புப் புத்தகத்தில் எழுதச் சொன்னார். வாரம் ஒருமுறை அதைப் பிரித்து, பையன்களே கொண்ட ஒரு ஜூரி விசாரித்துத் தீர்ப்பு சொல்லும். கோபம் ஆறிய பிறகுதான் தண்டனை பற்றிப் பேச்சே வரும் என்பது இதில் இருந்த சூட்சுமம்.

இது எவ்வளவு தூரம் வேலை செய்தது? ஒரு உதாரணம். 1792-ல் திப்பு சுல்தானின் 2 மகன்களை ஆங்கிலேயர்கள் பிணையாகப் பிடித்து வைத்தது தெரிந்த கதை. 1794-ல் அவர்களைத் திருப்பி ஒப்படைக்கப் போன குழுவில், எழும்பூர் விடுதியில் படித்த வில்லியம் ஸ்மித் என்ற இளைஞரும் இருந்தார். திப்புவின் முன்னால் அறிவியல் கருவிகளை இயக்கி விளக்கியது அவர்தான். யாரும் கவனிக்காத அனாதைப் பிள்ளைகளில் ஒருவர், ஒரு சுல்தானுக்கு டெமோ கொடுத்தார்.

பெருமை யாருக்கு?

சரி, இது உண்மையிலேயே பெல்லின் கண்டுபிடிப்பா? இங்கேதான் சண்டை.

திண்ணைப் பள்ளியில் வாத்தியார் ஒருவர்தான். பிள்ளைகள் வேறு வேறு வயதில், வேறு வேறு பாடத்தில் இருப்பார்கள். மூத்த மாணவன் ஒருவன் முன்னால் நின்று சொல்ல, மற்றவர்கள் திருப்பிச் சொல்வார்கள். வாத்தியார் இல்லாத நேரத்தில் பள்ளி அவன் கையில். அவன்தான் சட்டாம்பிள்ளை. இன்றைக்கு இந்த வார்த்தை அதிகாரம் பண்ணுகிறவர்களைக் கிண்டல் செய்யத்தான் பயன்படுகிறது. ஆனால் அது ஒரு பொறுப்பான பதவியின் பெயர்.

மணலில் எழுதும் வழக்கத்தை மலபார் பள்ளியில் பார்த்துத்தான் எடுத்துக்கொண்டேன் என்று பெல் தயங்காமல் ஒப்புக்கொண்டார். மாணவனையே ஆசிரியர் ஆக்கியது மட்டும் தன் சொந்த யோசனை என்று கடைசிவரை சாதித்தார். அவருக்குச் சம்பளம் கொடுத்த கிழக்கிந்திய கம்பெனியே அப்படி நினைக்கவில்லை. 1814 ஜூன் 3 அன்று லண்டனில் இருந்து கம்பெனி இயக்குநர்கள் வங்காளத்துக்கு அனுப்பிய கடிதத்தில், இந்தியப் பள்ளிகளில் காலங்காலமாக இருந்த முறைதான் டாக்டர் பெல் மூலம் இங்கிலாந்துக்கு வந்தது என்று எழுதியிருக்கிறார்கள். 1983-ல் காந்தியவாதி தரம்பால் பிரிட்டிஷ் ஆவணங்களைத் திரட்டி வெளியிட்ட பிறகு இந்த விவாதம் மறுபடி சூடுபிடித்தது.

மணலை மட்டும் பார்த்தார், பக்கத்தில் நின்ற சட்டாம்பிள்ளையைப் பார்க்கவில்லை என்பதை நம்புவது கஷ்டம்தான். அதே சமயம், பதிவேடும் ஜூரியும் படிநிலைகளும் சேர்த்து அதை எங்கேயும் நடத்தக்கூடிய ஒரு அமைப்பாக மாற்றியது பெல்லின் உழைப்பு. அதையும் மறுக்க முடியாது.

லண்டனில் ஹிட், பிறகு சரிவு

1796-ல் மெட்ராஸை விட்டுக் கிளம்பிய பெல், அடுத்த வருடமே எழும்பூர் அனுபவத்தைச் சின்னப் புத்தகமாக வெளியிட்டார். 1798-ல் லண்டனில் ஒரு பள்ளி அதை முயற்சி செய்தது. அதே காலத்தில் ஜோசப் லங்காஸ்டர் என்ற குவேக்கர் இளைஞர், கிட்டத்தட்ட அதே மாதிரியான பள்ளியை லண்டனில் நடத்திவந்தார். முதலில் இருவருக்கும் மரியாதை இருந்தது. பிறகு திருச்சபை ஆதரவாளர்கள் பெல் பக்கம், மற்றவர்கள் லங்காஸ்டர் பக்கம் என்று பிரிந்து பெரிய சண்டை ஆனது. லங்காஸ்டர் அடிப்பதை எதிர்த்தவர்தான். ஆனால் பிள்ளைகளைக் கூடையில் உட்காரவைத்துக் கூரையில் தொங்கவிட்டு அவமானப்படுத்துகிற தண்டனைகள் அவர் பள்ளியில் இருந்தன.

1811-ல் இங்கிலாந்துத் திருச்சபை, ஏழைப் பிள்ளைகளுக்கான நேஷனல் சொசைட்டியைத் தொடங்கி பெல்லின் முறையை ஏற்றுக்கொண்டது. அடுத்த வருடம் லண்டனில் பால்ட்வின்ஸ் கார்டன்ஸ் என்ற இடத்தில் மையப் பள்ளி வந்தது. ஆசிரியர் வேலைக்கு வருபவர்கள் அங்கே முதலில் பிள்ளைகளோடு வகுப்பில் உட்கார்ந்து முறையைப் பழக வேண்டும். சொல்லிக்கொடுக்கும் முன்பு, அந்த பெஞ்சில் உட்கார்ந்தால் எப்படி இருக்கும் என்று தெரிந்துகொள்ளட்டும் என்பது ஏற்பாடு. ஆசிரியர் பயிற்சி என்ற ஒன்று அங்கே தனியாக உருவாகத் தொடங்கியது. அவர் காலத்திலேயே ஆயிரக்கணக்கான பள்ளிகள் இந்த முறைக்கு மாறின. மிஷனரிகள் வழியாக அது இந்தியாவுக்கே இங்கிலீஷ் முறை என்ற பெயரில் திரும்பி வந்தது!

ஆனால் பரவியது எண்ணிக்கைதான், தரம் இல்லை. எழும்பூரில் சுமார் 200 பையன்கள் இருந்தார்கள், பெல் தினமும் நேரில் நின்று பார்த்தார். லண்டனில் ஒரே ஹாலில் நூற்றுக்கணக்கான பிள்ளைகள். ஒரே ஆசிரியர் போதும், செலவு மிச்சம் என்பதுதான் பணம் கொடுப்பவர்களுக்குப் பிடித்திருந்தது. மானிட்டர் பையனுக்குப் புரிந்த அளவுதான் வகுப்புக்குப் போய்ச் சேரும். அவனே மனப்பாடம் செய்தவன் என்றால் கீழே இருப்பவர்களும் கிளிப்பிள்ளைகள்தான். ஏன், எப்படி என்று ஒரு பிள்ளை கேட்டால் பதில் சொல்ல ஆளில்லை. மேலிருந்து 3, 4 படி இறங்கி வரும் எந்தப் பயிற்சியிலும் இன்றும் இருக்கிற ஓட்டை இது. பிபிடி அப்படியே கடைசிவரை வந்துசேரும், விளக்கம் பாதி வழியில் கழன்றுவிடும்.

பெல்லுக்கு இந்த விமர்சனம் காதில் ஏறவில்லை. 1816-ல் சுவிட்சர்லாந்து போய், பிள்ளைகளைத் தாங்களே பார்த்து, தொட்டு, யோசித்துக் கற்கவைத்த பெஸ்டலோசியின் பள்ளியைப் பார்த்தார். அவருக்கு அது பெரிதாகத் தெரியவில்லை. தன் முறைதான் உசத்தி என்று திரும்பி வந்தார். இன்னொரு கறுப்புப் பக்கமும் உண்டு. உடலுழைப்புக்கு என்று பிறந்த ஏழைப் பிள்ளைகளுக்கு அளவுக்கு மீறிப் படிப்பு கொடுத்தால், அவர்கள் தங்கள் நிலைமீது அதிருப்தி அடைவார்கள் என்ற தொனியில் அவர் எழுதியிருக்கிறார். அனாதைப் பையன்களை ஆசிரியர்கள் ஆக்கிய அதே மனிதர்தான்.

1832 ஜனவரி 27-ல் செல்டன்ஹாமில் இறந்த பெல், லண்டன் வெஸ்ட்மின்ஸ்டர் அபேயில் அடக்கம் செய்யப்பட்டார். சேர்த்துவைத்த சுமார் 1,20,000 பவுண்டையும் கல்விக்கே எழுதிவைத்திருந்தார்.

1846-ல் பிரிட்டிஷ் அரசு, 13 வயதில் சேர்ந்து 5 வருடம் ஆசிரியரிடம் தொழில் பழகும் மாணவ ஆசிரியர் திட்டத்தைக் கொண்டுவர, மானிட்டர் முறை மெல்ல ஒதுங்கியது. சின்னப் பையன் போதாது, முறையான பயிற்சி வேண்டும் என்பது ஒப்புக்கொள்ளப்பட்டது. 1876-ல் எடின்பரோ, செயின்ட் ஆண்ட்ரூஸ் பல்கலைக்கழகங்களில் கல்வியியலுக்கென்று தனிப் பேராசிரியர் பதவிகள் உருவாக்கப்பட்டபோது அதற்கான நிதி பெல்லின் அறக்கட்டளையில் இருந்துதான் வந்தது. பிரிட்டனில் அந்தப் பாடத்துக்கு முதல் பேராசிரியர் பதவிகள் அவை.

செயின்ட் ஆண்ட்ரூஸில் அவர் பணத்தில் 1833-ல் திறந்த பள்ளி இன்றும் நடக்கிறது. 1996-ல் இங்கே மெட்ராஸ் சென்னை ஆகிவிட்டது. அங்கே அந்தப் பள்ளியின் பெயர் இப்போதும் மெட்ராஸ் காலேஜ்தான்.