சிறைக்குள்ளே மன்றம் கூடிற்று

கடன் கட்டாத ஏழையை நீதிமன்றத்துக்கு இழுப்பதை நாம் கண்டிருக்கிறோம். கட்டு என்று நீதிமன்றம் ஆணையிட்ட பிறகும், கட்டமாட்டோம் என்று ஒரு நகரசபையே எழுந்து நின்ற வரலாறு உண்டு. அந்த வரலாற்றின் நாயகர் ஜார்ஜ் லான்ஸ்பரி.

1859இல் பிறந்தவர். பிழைப்புத் தேடி ஆஸ்திரேலியா சென்று, ஏமாந்து திரும்பி, கிழக்கு லண்டனில் மாமனாரின் மர அறுவை ஆலையில் உழைத்தவர். மாதர்க்கு வாக்குரிமை வேண்டி 1912இல் பாராளுமன்றப் பதவியைத் துறந்து, மீண்டும் நின்று தோற்றவர். தோற்றாரே தவிரத் துவளவில்லை! 1919இல் தொழிற்கட்சி பாப்ளர் நகரசபையைக் கைப்பற்றியது, அவர் மேயரானார்.

பாப்ளர், துறைமுகத் தொழிலாளர் வாழ்ந்த பகுதி. போர் முடிந்தது, வேலையின்மை புகுந்தது. வேலையற்றோர்க்கு உதவ அந்தந்தப் பகுதியே வரி போடவேண்டும் என்பது அன்றைய சட்டம். மாளிகை நிறைந்த மேற்கு லண்டனில் ஏழைகளும் குறைவு, சுமையும் குறைவு. பாப்ளரிலோ, பட்டினி கிடப்பவனே பக்கத்து வீட்டுப் பட்டினிக்கும் படியளக்கவேண்டும்! போதாக்குறைக்கு, லண்டன் கவுண்டி சபைக்கும் போலீசுக்கும் கப்பம் வேறு.

1921இல் அந்தக் கப்பத்துக்கான வரியைப் போட நகரசபை மறுத்தது. வழக்கு வந்தது. ஜூலை 29ஆம் நாள், உறுப்பினர்கள் கொடி பிடித்து, ஊர்வலமாக உயர்நீதிமன்றம் நடந்தனர். நீதிபதிகளை நாம் ஏசப் போவதில்லை. சட்டம் அவர்கள் கையில் தெளிவாகத்தான் இருந்தது. லான்ஸ்பரியும் அதை அறியாதவரல்லர். அறிந்தே மறுத்தார்.

நீதிமன்ற அவமதிப்பு! செப்டம்பரில் 30 உறுப்பினர் சிறை புகுந்தனர். ஆடவர் பிரிக்ஸ்டனில், மாதர் ஹாலோவேயில். அவர்களிலே கருவுற்ற தாய் ஒருவரும் உண்டு. இந்தச் சிறைக்கு நாள் குறிக்கப்படவில்லை. பணிந்தால் கதவு திறக்கும், பணியாதவரை பூட்டுத்தான். திருடனுக்காவது விடுதலை நாள் தெரியும். இவர்களுக்கு அதுவும் இல்லை.

பணிந்தார்களா? சிறைக்குள்ளேயே நகரசபைக் கூட்டம் நடத்தினர்! ஹாலோவேயிலிருந்து மாதரை வண்டியேற்றி பிரிக்ஸ்டனுக்குக் கொண்டுவர வேண்டியதாயிற்று அதிகாரிகளுக்கு. சன்னல் கம்பிக்குப் பின்னே நின்று, வெளியே திரண்ட மக்களிடம் பேசினார் லான்ஸ்பரி. அக்கம்பக்கத்து ஸ்டெப்னியும் பெத்னல் கிரீனும் அதே வழியில் நடக்கத் தீர்மானித்தன. இனி எத்தனை பேரை அடைப்பது?

அக்டோபர் 12ஆம் நாள் கதவு திறந்தது. வரி போடாமலேயே வெளியே வந்தனர். அந்த ஆண்டிலேயே, ஏழைகளுக்கு உதவும் செலவை லண்டன் முழுவதும் பகிர்ந்து சுமக்கச் சட்டம் பிறந்தது.

வெற்றிக்கு விலையும் கொடுத்தனர். லான்ஸ்பரியின் மருமகள் மின்னி, அவரும் உறுப்பினர், சிறை கண்டவர். வெளிவந்து மூன்று மாதம் ஆகுமுன், 1922 ஜனவரி முதல் நாள், நிமோனியாவுக்கு இரையானார். வயது 32.

மாமனார் 1932இல் தொழிற்கட்சியின் தலைவரானார், போரை ஏற்காத கொள்கையால் 1935இல் அப்பதவியை விட்டார், 1940இல் மறைந்தார். மருமகளின் நினைவாக அந்த வட்டாரத்தின் பவ் சாலையிலே ஒரு கடிகாரம் வைத்திருக்கிறார்கள்.