இரவல் நூலும் ஈரமான பக்கங்களும்



நம் பிள்ளைகளின் கைகளில் நாம் எத்தகைய நூல்களைக் கொடுக்கின்றோம் என்பதைப் பற்றி என்றாவது சிந்தித்ததுண்டா? பரீட்சைக்குரிய பாடநூல்களை வாங்கிக் கொடுப்பதில் நாம் குறை வைப்பதில்லை. ஆனால் நமக்கு முன் வாழ்ந்த மனிதர்கள் எதற்காகப் போராடினார்கள், எங்கே தவறினார்கள், எவ்வாறு திருந்தினார்கள் என்று எடுத்துரைக்கும் வரலாற்று நூலொன்றை வீட்டில் வாங்கி வைப்பது அரிதாகிவிட்டது. ஏழைச் சிறுவன் ஒருவனின் உள்ளத்தில் ஒரு வரலாற்று நூல் எழுப்பிய கேள்வி, அவனது வாழ்நாள் முழுவதும் அவனை விட்டு அகலவில்லை. அச்சிறுவனே பின்னாளில் ஐக்கிய அமெரிக்காவின் 16ஆவது ஜனாதிபதியான ஆபிரகாம் லிங்கன். அவரது வாழ்வை இவ்வாரம் உங்களோடு பகிர்ந்துகொள்ள விழைகின்றேன்.

லிங்கன் 1809ஆம் ஆண்டு பெப்ரவரி 12ஆம் திகதி கென்டக்கி மாநிலத்தில், மரக்குற்றிகளால் அமைந்த ஒரு குடிசையில் பிறந்தார். அவரது குடும்பம் 1816இல் இந்தியானாவின் காட்டுப் பகுதிக்குக் குடிபெயர்ந்தது. 1818 ஒக்டோபரில், நச்சுச் செடியைத் தின்ற பசுவின் பாலால் வரும் நோய் அவரது தாய் நான்சியைப் பலிகொண்டது. அப்போது அவருக்கு ஒன்பது வயது. அடுத்த ஆண்டு அவ்வீட்டுக்கு வந்த சிற்றன்னை சாரா, தாயற்ற பிள்ளையைத் தன் பிள்ளையாகவே ஏற்று, அவனது வாசிப்பு ஆர்வத்தைப் பேணி வளர்த்தார். லிங்கன் பள்ளிக்கூடம் சென்ற நாட்களையெல்லாம் ஒன்றாகக் கூட்டினாலும் ஓராண்டு கூட நிறைவுறாது. விவிலியமும் ஈசோப்பின் நீதிக்கதைகளும் இரவலாகக் கிடைத்த சில நூல்களுமே அவரது பல்கலைக்கழகம்.

அவ்வாறு இரவலாகக் கிடைத்தவற்றுள் ஒன்றே ஜோர்ஜ் வொஷிங்டனின் வாழ்க்கை வரலாறு. அயலிலிருந்த விவசாயி ஒருவரிடம் பெற்றுவந்த அந்நூல், குடிசைச் சுவரின் இடைவெளியால் புகுந்த மழைநீரில் நனைந்து பழுதாயிற்று. விலை கொடுக்கக் காசில்லாத சிறுவன் உரியவரிடம் உண்மையைச் சொல்லி, அவரது வயலில் சில நாட்கள் வேலை செய்து நட்டத்தை ஈடுசெய்தான். மழையில் நனைந்த அந்நூல் இவ்வாறு அவனுக்கே சொந்தமாயிற்று.

அந்நூலை எழுதியவர் மேசன் வீம்ஸ் எனும் அங்கிலிக்கன் குருவானவர். வொஷிங்டன் 1799 டிசம்பரில் இறந்தார். மறுவருடமே நூல் வெளிவந்தது. அது பெரும்பாலும் புகழ்மாலையாகவே தொடுக்கப்பட்டது. செர்ரி மரத்தை வெட்டிய சிறுவன் வொஷிங்டன் தந்தையிடம் உண்மையை ஒப்புக்கொண்ட கதையை நீங்கள் கேள்வியுற்றிருப்பீர்கள். 1806ஆம் ஆண்டுப் பதிப்பில் சேர்க்கப்பட்ட அக்கதை ஆசிரியரின் கற்பனையே என்பது வரலாற்றாசிரியர்களின் முடிவு. உண்மையின் மேன்மையை உணர்த்துவதற்கு உண்மையல்லாத கதையொன்று புனையப்பட்டது என்பது எத்துணை விந்தை! ஆயினும் சிறுவன் லிங்கனின் மனதில் பதிந்தது செர்ரி மரம் அன்று. பனிக்கட்டிகள் மிதக்கும் டெலவெயர் ஆற்றை வொஷிங்டனின் படையினர் இரவில் கடந்து, கடுங்குளிரில் டிரென்டன் நகரில் போரிட்ட காட்சியே அவரை ஆட்கொண்டது. இவ்வளவு துன்பத்தைத் தாங்கிய மனிதர்கள் சாதாரணமான ஒன்றுக்காகப் போராடியிருக்க முடியாது, அப்படியானால் அது என்ன என்ற கேள்வி அப்பிஞ்சு உள்ளத்தில் எழுந்தது. இதை 1861 பெப்ரவரி 21ஆம் திகதி, ஜனாதிபதியாகப் பதவியேற்கச் செல்லும் வழியில், அதே டிரென்டன் நகரில் நியூ ஜேர்சி செனட் சபையின் முன் அவரே நினைவுகூர்ந்தார்.

வாலிபரான லிங்கன் படகுத் தொழிலாளியாகவும் கடைக்காரராகவும் தபாலதிபராகவும் காலம் கழித்தார். கடை நட்டமடைந்தது. பங்காளியும் இறந்துவிட, முழுக் கடனையும் தன் தலையில் ஏற்றுப் பல ஆண்டுகள் உழைத்து அடைத்தார். நூல்களைத் தாமாகவே படித்து 1836இல் சட்டத்தரணியானார்.

இனி, அன்பர்களே, அவரது மனச்சாட்சி வளர்ந்த விதத்தைக் கவனியுங்கள். 1841இல் நீராவிக் கப்பலொன்றில் பயணித்தபோது, பன்னிரண்டு அடிமைகள் சங்கிலியால் பிணைக்கப்பட்டுக் கொண்டுசெல்லப்படுவதை அவர் கண்டார். குடும்பத்தினின்று பிரிக்கப்பட்டவர்களாயினும் அவர்கள் மகிழ்ச்சியாகவே தோன்றினர் என அந்நாட்களில் ஒரு கடிதத்தில் அவர் எழுதினார். பதினான்கு ஆண்டுகள் கழித்து, 1855 ஓகஸ்டில் தம் நண்பர் ஜோஷுவா ஸ்பீடுக்கு எழுதிய கடிதத்தில், அதே காட்சி தம்மை ஓயாது வதைத்து வருவதாகக் குறிப்பிட்டார். கண்ட காட்சி மாறவில்லை. கண்டவரின் உள்ளம் மாறியிருந்தது.

அதே கடிதத்தில் கத்தோலிக்கராகிய நாம் அறிந்திருக்க வேண்டிய மற்றொரு செய்தியும் உண்டு. அக்காலத்தில் கத்தோலிக்கரையும் வெளிநாட்டிலிருந்து குடியேறியோரையும் வெறுத்த அரசியல் இயக்கமொன்று அமெரிக்காவில் வேகமாக வளர்ந்து வந்தது. எல்லா மனிதரும் சமம் என்று முழங்கிப் பிறந்த நாடு, முதலில் கறுப்பின மக்களை அதிலிருந்து விலக்கியது. இவர்கள் ஆட்சிக்கு வந்தால் அயல்நாட்டவரையும் கத்தோலிக்கரையும் விலக்கிவிடும் என அவர் வேதனையோடு எழுதினார். ஒருவரின் மாண்பை மறுக்கத் தொடங்கும் சமூகம் அத்தோடு நின்றுவிடாது என்பதை அவர் உணர்ந்திருந்தார். பின்னர் ஜனாதிபதியான அதே ஆண்டில், போர்க்கால மருத்துவமனைகளில் இருந்த கத்தோலிக்கப் படையினரின் ஆன்மிகத் தேவைக்காகக் குருக்களைப் பெயர் குறித்துத் தருமாறு நியூயோர்க் பேராயர் ஜோன் ஹியூஸுக்குக் கடிதம் எழுதியவரும் அவரே.

அடிமைமுறை புதிய நிலப்பகுதிகளுக்கும் பரவ வழிசெய்யும் சட்டம் 1854இல் நிறைவேறியபோது, லிங்கன் மீண்டும் வரலாற்று ஏடுகளை நாடினார். அப்பகுதிகளில் அடிமைமுறையைக் கட்டுப்படுத்த நாட்டின் தந்தையர் மத்திய அரசுக்கு அதிகாரம் அளிக்கவில்லை என எதிர்த்தரப்பினர் வாதிட்டனர். பழைய காங்கிரஸ் பதிவேடுகளையும் அரசியலமைப்பு விவாதங்களையும் மாதக்கணக்கில் ஆராய்ந்த லிங்கன், அரசியலமைப்பில் ஒப்பமிட்ட 39 பேரும் தனித்தனியே என்ன செய்தார்கள் என்று கணக்கிட்டார். அவர்களுள் 21 பேர், அதாவது பெரும்பான்மையினர், அப்பகுதிகளில் அடிமைமுறையைக் கட்டுப்படுத்த மத்திய அரசுக்கு அதிகாரம் உண்டு என்ற நிலைப்பாட்டுடன் செயற்பட்டதை 1860 பெப்ரவரி 27ஆம் திகதி நியூயோர்க் நகரில் ஆற்றிய உரையில் எடுத்துக்காட்டினார். அவரை ஜனாதிபதிப் பதவியை நோக்கி இட்டுச் சென்றவற்றுள் அவ்வுரை முக்கியமானது. சிறுவயதில் வியப்போடு வாசித்தவர், இப்போது ஆதாரத்தோடு வாசிக்கக் கற்றிருந்தார்.

எனினும் லிங்கனையும் நாம் புகழ்மாலைக்குள் மறைத்துவிடலாகாது. 1858ஆம் ஆண்டுத் தேர்தல் மேடையில், வெள்ளையருக்கும் கறுப்பினத்தவருக்கும் முழுமையான சமூக, அரசியல் சமத்துவத்தைத் தாம் வேண்டவில்லை என்று அவர் பேசினார். விடுதலை பெறும் அடிமைகளை வேறு நாடுகளில் குடியேற்றும் திட்டத்தையும் பல ஆண்டுகள் ஆதரித்தார். அவர் போற்றிய வொஷிங்டனும் வாழ்நாள் முழுவதும் அடிமைகளை வைத்திருந்தவரே. தமக்குச் சொந்தமானோர் தம் மனைவியின் காலத்துக்குப் பின் விடுவிக்கப்பட வேண்டும் என உயிலில் எழுதியதே அவர் இறுதியாகச் செய்தது.

இவற்றைச் சொல்வது பெரியோரை இகழ்வதாகுமா? ஆகாது. நமது விவிலியத்தையே எண்ணிப் பாருங்கள். தாவீது அரசர் செய்த பாவத்தையும் நாத்தான் இறைவாக்கினர் அவரைக் கண்டித்ததையும் திருநூல் மறைக்கவில்லை. திருச்சபையின் முதல் தலைவரான பேதுரு ஆண்டவரை மும்முறை மறுதலித்ததை நான்கு நற்செய்திகளும் கூறுகின்றன. பாவத்தைச் சொல்லாத வரலாற்றில் மனமாற்றத்துக்கும் இடமிராது.

லிங்கன் ஜனாதிபதியாகப் பதவியேற்ற மறுமாதமே, 1861 ஏப்ரலில், உள்நாட்டுப் போர் மூண்டது. படைத்துறை அனுபவம் குறைந்த அவர் காங்கிரஸ் நூலகத்தில் போர்க்கலை நூலை இரவல் வாங்கிப் படித்தார். 1862 பெப்ரவரியில் பதினொரு வயது மகன் வில்லியை நோய்க்குப் பறிகொடுத்தார். மற்றொரு மகன் எட்வர்ட் 1850இலேயே இறந்திருந்தான். பகலில் நாட்டின் துயரத்தையும் இரவில் தம் துயரத்தையும் சுமந்த தந்தை அவர். எந்தத் திருச்சபையிலும் அவர் உறுப்பினராகச் சேரவில்லை. ஆயினும் அந்தக் கொடிய ஆண்டுகளில் விவிலியத்தை மீண்டும் மீண்டும் நாடினார்; இறைவனின் திருவுளம் யாதெனத் தேடினார்.

1862 செப்டெம்பரில் அண்டீட்டம் போருக்குப் பின் தம் அமைச்சர்களை அழைத்து, எதிரிப்படை மேரிலாந்தினின்று துரத்தப்பட்டால் அடிமைகளை விடுவிப்பதாகத் தாம் இறைவனுக்கு வாக்களித்திருந்ததைத் தெரிவித்தார். 1863 ஜனவரி முதலாம் திகதி, புத்தாண்டு வரவேற்பில் மணிக்கணக்காகக் கைகுலுக்கி மரத்துப்போன கையோடு விடுதலைப் பிரகடனத்தில் ஒப்பமிட அமர்ந்தார். கை நடுங்கினால் தாம் தயங்கியதாக வருங்காலம் எண்ணும் எனச் சற்றுப் பொறுத்து, நிதானமாகப் பெயரை எழுதினார். அப்பிரகடனம் கிளர்ச்சி செய்த பகுதிகளுக்கே உரியது. எனவே நாடெங்கும் அடிமைமுறையை ஒழிக்கும் அரசியலமைப்புத் திருத்தத்துக்காகவும் அவர் அயராது உழைத்தார். அத்திருத்தம் 1865 டிசம்பரில் நடைமுறைக்கு வந்தபோது அவர் உயிரோடில்லை.

அடிமையாயிருந்து தப்பி வந்த பிரெடெரிக் டக்ளஸ், லிங்கன் தாமதிக்கின்றார் எனப் பகிரங்கமாகக் கண்டித்தவர். அவரை லிங்கன் வெறுக்கவில்லை. வெள்ளை மாளிகையில் வரவேற்றுச் செவிமடுத்தார். 1865 மார்ச் 4ஆம் திகதி இரண்டாம் பதவியேற்பு விருந்துக்கு வந்த டக்ளஸை வாயிலில் காவலர் தடுத்தனர். அதை அறிந்த லிங்கன் அவரை உள்ளே அழைத்து, தம் நண்பர் எனச் சொல்லி வரவேற்று, தமது உரையைப் பற்றிய கருத்தைக் கேட்டார்.

அவ்வுரை வெற்றி முழக்கமன்று. இரு தரப்பினரும் ஒரே விவிலியத்தை வாசித்து ஒரே இறைவனிடம் வேண்டினார்கள் என்பதையும், அடிமைமுறையெனும் பாவத்துக்கு நாடு முழுவதுமே பொறுப்பு என்பதையும் அதில் நினைவூட்டினார். எவர்மீதும் பகைமை பாராட்டாது நாட்டின் காயங்களுக்குக் கட்டுப்போடவும், போரில் இறந்தவரின் மனைவியரையும் பிள்ளைகளையும் பராமரிக்கவும் வேண்டினார். 6 இலட்சத்துக்கும் அதிகமான உயிர்களை விழுங்கிய போரின் முடிவில், வெல்லப்போகும் தலைவர் பேசிய பேச்சு இது. போரில் உறவுகளை இழந்தோருக்கு இச்சொற்களின் பாரம் புரியும்.

1865 ஏப்ரல் 9, குருத்து ஞாயிறன்று தென்பகுதியின் பிரதான படைத்தளபதி சரணடைந்தார். ஏப்ரல் 11ஆம் திகதி ஆற்றிய உரையில், கறுப்பினத்தவரில் கல்வியறிவுடையோருக்கும் படையில் பணியாற்றியோருக்கும் வாக்குரிமை கிடைப்பதைத் தாம் விரும்புவதாக லிங்கன் வெளிப்படையாகக் கூறினார். 1858இல் பேசியவர் எத்தனை தூரம் நடந்து வந்துவிட்டார்! கூட்டத்தில் நின்று அதைக் கேட்ட நடிகர் ஜோன் வில்க்ஸ் பூத், ஏப்ரல் 14, பெரிய வெள்ளி இரவில், நாடக அரங்கில் அவரைச் சுட்டார். மறுநாள் காலை லிங்கனின் உயிர் பிரிந்தது. அவருக்கு வயது 56. அடுத்து வந்த உயிர்ப்பு ஞாயிறன்று, அந்நாட்டின் ஆலயங்களில் மகிழ்ச்சிப் பாடலும் அழுகையும் கலந்தே ஒலித்தன.

அன்பார்ந்த பெற்றோரே, மழையில் நனைந்த அந்த இரவல் நூலுக்குத் திரும்புவோம். அதில் குறைகள் இருந்தன, மிகைப்படுத்தல் இருந்தது. ஆயினும் ஒரு சிறுவன் அதனோடு நின்றுவிடாமல், அதிலிருந்து எழுந்த கேள்வியைப் பின்தொடர்ந்தான். விடுதலைக்காகவே அவர்கள் போராடினார்களெனில், அவ்விடுதலை எல்லோருக்கும் உரியதல்லவா என்ற இடத்தில் அக்கேள்வி அவரைக் கொண்டுவந்து நிறுத்தியது. அவ்விடத்தை அடைய அவருக்கு ஒரு வாழ்நாள் தேவைப்பட்டது.

எனவே, உங்கள் பிள்ளைகளோடு அமர்ந்து வரலாற்றை வாசியுங்கள். தலைவர்களின் பெருமையை மட்டுமன்றி அவர்களது தவறுகளையும் கூறுங்கள். நம்மவர் செய்த தவறுகளை மறைக்காது சொல்லுங்கள். பிறர் செய்த நன்மையையும் தயங்காது சொல்லுங்கள். இதில் யார் துன்புற்றார்கள், யாருடைய குரல் இங்கே கேட்கவில்லை என்று பிள்ளைகளைக் கேட்கப் பழக்குங்கள். நேற்று நாம் அலட்சியமாகக் கண்ட ஒருவரின் சங்கிலி, இன்று நம் உறக்கத்தைக் கலைக்குமாயின், அது இறைவன் நம் உள்ளத்தில் செய்யும் பணியென உணர்வோம். அத்தகைய உள்ளத்தை நமக்கும் நம் பிள்ளைகளுக்கும் அருளுமாறு ஆண்டவரை மன்றாடுவோம்.